பாப்புவா நியூ கினியில் வேலை: "டூரிஸ்ட் விசாவில் வாங்க, அப்புறம் மாற்றிக்கலாம்" என்கிறார்கள்

பிறைக்காரன்

எல்லோருக்கும் வணக்கம். வயது 38, வீடு மலேசியாவில், பட்டர்வொர்த்தில். பிறையில் ஒரு தொழிற்சாலை ஸ்டோரில் பதினான்கு வருடம் இருந்தேன். எங்கள் பகுதியையே இழுத்து மூடிவிட்டார்கள். கொடுத்த இழப்பீடு கரைந்துகொண்டே வருகிறது. இப்போது காரை எடுத்துக்கொண்டு பாலம் தாண்டிப் பினாங்குத் தீவுக்குப் போய் ஆள் ஏற்றுகிறேன். பெட்ரோல் போக நிற்பது சொல்லிக்கொள்ளும்படி இல்லை.

கூட வேலை பார்த்த சீன நண்பர் ஒருவர் மூலமாக ஒரு வாய்ப்பு வந்திருக்கிறது. பாப்புவா நியூ கினி, லே நகரம். அரிசி, டின் மீன், சோப்பு என்று மொத்த வியாபாரம் செய்யும் ஒரு கம்பெனியின் கிடங்குக்கு மேற்பார்வையாளர். மாதம் 7,500 வெள்ளி (மலேசிய ரிங்கிட்), தங்க இடம், வருடத்துக்கு ஒரு டிக்கெட், ஒப்பந்தம் இரண்டு வருடம். நான் இங்கே வாங்கிய கடைசிச் சம்பளத்தைவிட இரண்டு மடங்கு.

மனைவி மூன்று நாளாகச் சரியாகப் பேசவில்லை. அந்த ஊரில் கடைகள் எரிகிற வீடியோவை யாரோ அவளுக்கு அனுப்பிவிட்டார்கள். அம்மாவிடம் "ஆஸ்திரேலியா பக்கம் ஒரு வேலை" என்று சொல்லி வைத்திருக்கிறேன். பொய்யில்லை, வரைபடத்தில் பக்கம்தான்.

எனக்கு இடிப்பது இரண்டு விஷயம். ஏஜண்ட் சொல்கிறார்: "இப்போதைக்கு டூரிஸ்ட் விசாவில் வாங்க, ஆள் அவசரமாக வேண்டும், வந்த பிறகு வேலை பெர்மிட் போட்டுக்கொள்ளலாம்." இன்னொன்று, பாஸ்போர்ட்டைப் பாதுகாப்புக்காகக் கம்பெனி இரும்புப் பெட்டியில் வைத்துக்கொள்வார்களாம். எல்லாருக்கும் அப்படித்தான் என்கிறார்.

அங்கே போய் வந்தவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள். போகாதே என்று மட்டும் சொல்வதானால் வேண்டாம், அதைச் சொல்ல வீட்டிலேயே ஆள் இருக்கிறது.

அம்பாங் சித்தி

தம்பி, நீங்கள் வேண்டாம் என்றாலும் சொல்வேன். எங்கள் பக்கத்து வீட்டுப் பையன் தாய்லாந்தில் கஸ்டமர் சர்வீஸ் வேலை என்று கிளம்பினான். பேங்காக்கில் இறங்கினான், காரில் ஏற்றினார்கள், விடிந்து பார்த்தால் ஆற்றுக்கு அந்தப் பக்கம் மியன்மாரில் மியாவாடி. எட்டு மாதம் அவனை உட்கார வைத்து முன்பின் தெரியாதவர்களுக்கு ஏமாற்று மெசேஜ் அனுப்ப வைத்தார்கள். அவனிடமும் "வந்த பிறகு பெர்மிட்" என்றுதான் சொன்னார்களாம். முதலில் அந்தக் கம்பெனி நிஜமாகவே இருக்கிறதா என்று பாருங்கள்.

செந்தூல் ஸ்டோர்காரன்

சித்தி கேட்டது சரியான கேள்வி. அதிலிருந்தே தொடங்குகிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் போர்ட் மோர்ஸ்பியில் நாலு வருடம், அதற்கு முன் லேயில் இரண்டு வருடம் இருந்தவன். உங்களைப் போலவே கிடங்கு வேலைதான். 2024 மார்ச்சில் ஒரே பையோடு திரும்பி வந்தேன். ஏன் ஒரே பை என்பதை அப்புறம் சொல்கிறேன்.

கம்பெனி இருக்கிறதா என்று பார்ப்பது சுலபம். அந்த நாட்டில் முதலீட்டு மேம்பாட்டு ஆணையம் என்று ஒன்று உண்டு, ஐ.பி.ஏ. என்பார்கள். பதிவான கம்பெனிகளின் பட்டியல் அவர்கள் இணையதளத்தில் இருக்கிறது, யார் வேண்டுமானாலும் பேர் போட்டுத் தேடலாம். உங்கள் ஒப்பந்தத்தில் இருக்கிற பேரை எழுத்துக்கு எழுத்து அப்படியே போட்டுப் பாருங்கள். கடை வாசல் போர்டில் ஒரு பேர், பதிவில் வேறு பேர் என்பது அங்கே சகஜம். அதனால் ஏஜண்டிடம் பதிவு எண்ணையே கேட்டு வாங்குங்கள். எண் கேட்டதும் கோபம் வந்தால் உங்களுக்குப் பதில் கிடைத்துவிட்டது.

இப்போது விசா. தம்பி, டூரிஸ்ட் விசாவில் போகாதீர்கள். வேலையை வேண்டாம் என்று சொல்லவில்லை, அந்த வழியில் போகாதீர்கள் என்கிறேன். அங்கே முறை இதுதான்: கம்பெனி முதலில் தொழிலாளர் இலாகாவில் உங்கள் பேருக்கு வேலை பெர்மிட் போட வேண்டும். அது கிடைத்த பிறகு அதைக் காட்டிக் குடிநுழைவு ஆணையத்தில் வேலை விசா எடுக்க வேண்டும். இரண்டும் முடிகிற வரைக்கும் நீங்கள் பட்டர்வொர்த்தில் இருக்க வேண்டும். பெர்மிட் அந்த முதலாளிக்கும் அந்தப் பதவிக்கும் மட்டும்தான் செல்லும். கிடங்கு மேற்பார்வையாளர் என்று போட்டால் கிடங்கு மேற்பார்வையாளர்தான், நாளைக்கே வேறு கடைக்குத் தாவ முடியாது.

டூரிஸ்ட் விசாவில் போய் வேலை செய்தால் என்ன ஆகும்? அதிகாரி வந்து பிடிப்பார், அபராதம், திருப்பி அனுப்புவார்கள் என்று நினைப்பீர்கள். அதெல்லாம் எப்போதோ. தினப்படி ஆவது வேறு. எங்கள் கிடங்கில் இப்படி வந்த ஒருவர் இருந்தார், சிரம்பான் பக்கத்துக்காரர். ஒரு நாள் மாலை வண்டியை மறித்துக் கத்தி காட்டி ஃபோன், மோதிரம் எல்லாம் பிடுங்கிவிட்டார்கள். கையில் வெட்டு. போலீசுக்குப் போக மாட்டேன் என்றார். போனால் விசாவைக் கேட்பார்களே. மருத்துவமனையில் கம்பெனி பேரைச் சொல்ல பயம். சம்பளம் இரண்டு மாதம் தள்ளிப் போனபோதும் வாயைத் திறக்கவில்லை. முதலாளிக்கும் தெரியும், இவர் எங்கேயும் போக முடியாது என்று. ஊரைப் பார்த்துப் பயந்ததைவிட அவர் தன் பாஸ்போர்ட்டில் இருந்த முத்திரையைப் பார்த்துப் பயந்ததுதான் அதிகம்.

அடுத்து அந்த இரும்புப் பெட்டி. 2024 ஜனவரி 10, புதன்கிழமை. அரசாங்க ஊழியர்கள், போலீஸ்காரர்கள் எல்லாருக்கும் அந்த வாரச் சம்பளத்தில் ஏதோ பிடித்துவிட்டார்கள். கணினித் தவறு என்று அரசாங்கம் சொன்னது. போலீஸ்காரர்கள் வேலையை விட்டு இறங்கிவிட்டார்கள். காலை பத்து மணிக்கு எங்கள் வாட்ச்மேன் வந்து, "போஸ், ரோட்டில் போலீஸ் இல்லை" என்றார். அதைக் கேட்டும் எனக்கு உறைக்கவில்லை. மத்தியானத்துக்குள் ஊரில் கடை கடையாகப் புகுந்துவிட்டார்கள். எங்கள் கிடங்குக் கதவை வெட்டி எடுத்ததை மாடி ஜன்னலில் இருந்து பார்த்தேன். முதலில் வந்தது ரவுடிகள் இல்லை, பள்ளிச் சீருடையில் இரண்டு பையன்கள், அப்புறம் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு ஒரு பெண். பத்து கிலோ அரிசிப் பையைத் தலையில் வைத்து நிதானமாக நடந்து போனார். கல்யாண வீட்டில் சீர் தூக்கிப் போவது மாதிரி. நான் அந்தப் பைகளை எண்ணி அடுக்கியவன், பழக்க தோஷத்தில் மனத்துக்குள் எண்ணிக்கொண்டிருந்தேன். நாலரை மணிக்கு யாரோ நெருப்பு வைத்தார்கள்.

நாங்கள் ஐந்து பேர் பின்பக்கச் சுவர் ஏறிப் பக்கத்துக் காம்பவுண்டுக்குள் குதித்தோம். மறுநாள் 14 நாள் அவசரநிலை அறிவித்தார்கள், ராணுவம் இறங்கியது. போர்ட் மோர்ஸ்பியிலும் லேயிலும் சேர்த்து இருபது பேருக்கு மேல் செத்துப் போனார்கள். எங்களுக்கு உயிருக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் ஐந்து பேருடைய பாஸ்போர்ட்டும் அலுவலக இரும்புப் பெட்டிக்குள். இரும்புப் பெட்டி எரியவில்லை, உண்மைதான். உள்ளே இருந்தது கருகிவிட்டது. என் பாஸ்போர்ட்டின் அட்டை மட்டும் முறுகிய அப்பளம் மாதிரி இருந்தது, தொட்டதும் உதிர்ந்தது.

போர்ட் மோர்ஸ்பியில் நம் நாட்டுத் தூதரகம் இருக்கிறது. போலீஸ் புகார் நகல், படம், ஐ.சி. (அடையாள அட்டை) எல்லாம் கேட்டார்கள். ஐ.சி. என்னிடம் இருந்தது, கைபேசியில் பாஸ்போர்ட்டின் படமும் இருந்தது. அதனால் வேலை நடந்தது. ஊர் திரும்ப மட்டும் செல்லுகிற அவசரப் பயணச் சான்றிதழ் கொடுத்தார்கள். கூட இருந்தவர்களில் ஒருவரிடம் ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லை. அவருக்குப் பல நாள் இழுத்தது.

ஆகவே பாஸ்போர்ட்டைக் கொடுக்காதீர்கள். பெர்மிட் வேலைக்கென்று கேட்டால் கொடுத்துவிட்டு, எப்போது திரும்பும் என்று எழுதி வாங்குங்கள். முக்கியமான பக்கம், விசா பக்கம், வேலை பெர்மிட் எல்லாவற்றையும் படமெடுத்து மனைவிக்கு அனுப்பி வையுங்கள். போவதற்கு முன் நம் வெளியுறவு அமைச்சான விஸ்மா புத்ராவின் இ-கொன்சுலார் தளத்தில் உங்கள் பேர், அங்கே தங்கும் இடம், தொடர்பு எண் பதிவு செய்யுங்கள். கால் மணி நேர வேலை. கலவரத்துக்கு அடுத்த நாள் தூதரகத்திலிருந்து எங்களில் ஒருவருக்குத்தான் முதலில் அழைப்பு வந்தது. பதிவு செய்திருந்தவர் அவர் ஒருவர்தான்.

சாப்பிட்டு வந்து மீதியை எழுதுகிறேன்.

பிறைக்காரன்

அண்ணே, படித்துவிட்டு இரண்டு நிமிடம் சும்மா உட்கார்ந்திருந்தேன். மனைவியிடம் காட்டலாமா வேண்டாமா என்று தெரியவில்லை.

ஐ.பி.ஏ. தளத்தில் தேடினேன். கம்பெனி இருக்கிறது, பழைய பதிவுதான். ஆள் கடத்தல் இல்லை என்று சித்திக்கு ஒரு நிம்மதி. ஏஜண்டிடம் பெர்மிட் வந்த பிறகுதான் வருவேன் என்று சொன்னேன். "அப்படியென்றால் வேறு ஆள் பார்ப்போம்" என்றார். பரவாயில்லை என்று சொல்லிவிட்டேன். சொல்லி முடித்ததிலிருந்து வயிறு கலங்குகிறது.

லே நகரத்தில் தினப்படி எப்படி? ஊசி ஏதாவது போட வேண்டுமா?

கிள்ளான் தாதி

ஊசி, மாத்திரை பற்றி நான் சொல்கிறேன். தனியார் கிளினிக்கில் பயணிகளைப் பார்க்கிற தாதி நான். கடைசி முடிவு உங்களைப் பார்க்கிற டாக்டர் கையில்.

மஞ்சள் காய்ச்சல் ஊசிச் சான்றிதழ் இங்கேயிருந்து பாப்புவா போகிறவருக்குத் தேவையில்லை. அது ஆப்பிரிக்கா, தென் அமெரிக்கா வழியாகப் போகிறவர்களுக்கு. பலர் அதைக் கேட்டு வந்து, மலேரியாவைப் பற்றிக் கேட்காமலேயே போய்விடுகிறார்கள். உங்கள் விஷயத்தில் மலேரியாதான் பெரிது. லே கடலோரம், வெப்பம், மழை. அங்கே வருடம் முழுக்க மலேரியா உண்டு. குளோரோகுயின் என்கிற பழைய மலேரியா மாத்திரை அங்கே கேட்காது. வைவாக்ஸ் வகை மலேரியா அந்த மருந்துக்கு மசியாமல் போனது முதன்முதலில் தெரிந்ததே பாப்புவா நியூ கினியில்தான், 1989ல்.

தடுப்புக்கு டாக்சிசைக்ளின் தினம் ஒன்று, போவதற்கு ஓரிரு நாள் முன் தொடங்கி, திரும்பி வந்தும் நாலு வாரம் சாப்பிட வேண்டும். விலை மலிவு. ஆனால் வெயிலில் தோல் சுடும். வெறும் வயிற்றில் போட்டுவிட்டு உடனே படுத்தால் நெஞ்சு எரியும். சாப்பாட்டோடு, நிறையத் தண்ணீரோடு போடுங்கள். அட்டோவாகுவோன்-புரோகுவானில் என்று இன்னொன்று உண்டு. அதைத் திரும்பி வந்து ஏழு நாள் சாப்பிட்டால் போதும், ஆனால் பர்ஸ் இளைத்துவிடும். இரண்டு வருடம் முழுக்க மாத்திரையா என்பீர்கள். அதை டாக்டரிடம் கேளுங்கள். நீண்ட நாள் இருக்கிறவர்களில் பலர் நடுவில் விட்டுவிடுகிறார்கள், அப்போது கொசுவலையும் காய்ச்சல் வந்த அன்றே இரத்தம் பார்ப்பதும்தான் காப்பாற்ற வேண்டும். மலேரியா கொசு அந்தி முதல் விடியல் வரை கடிப்பது. மருந்து தோய்த்த வலையை இங்கேயே வாங்கிக்கொள்ளுங்கள்.

இன்னொரு விஷயம், யாரும் சொல்லாதது. உங்களுக்கு ஜி-6-பி-டி குறைபாடு (இரத்த அணுக்களைக் காக்கிற ஒரு நொதி பிறவியிலேயே குறைவாக இருப்பது) உண்டா என்று இப்போதே பார்த்து வையுங்கள். இங்கே பிறக்கிற குழந்தைகளுக்குத் தொப்புள்கொடி இரத்தத்தில் அதைப் பார்ப்பது வழக்கம். அம்மாவிடம் பழைய கார்டு இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லாவிட்டால் ஒரு இரத்தப் பரிசோதனை. வைவாக்ஸ் ஈரலில் பதுங்கியிருந்து மாதங்கள் கழித்துத் திரும்ப வரும். அதை வேரோடு எடுக்கக் கொடுப்பது பிரைமாகுவின். குறைபாடு உள்ளவருக்கு அது இரத்த அணுக்களையே உடைக்கும்.

ஹெப்படைட்டிஸ் ஏ, டைபாய்டு, டெட்டனஸ், தட்டம்மை எல்லாம் சரிபாருங்கள். போலியோவும். 2025ல் அங்கே போலியோ பரவல் அறிவித்தார்கள், பெரியவர்களும் ஒரு பூஸ்டர் போட்டுக்கொள்வது நல்லது. கிளம்ப ஆறு வாரம் இருக்கும்போதே வந்துவிடுங்கள். முந்தின நாள் ஓடி வருகிறவர்களைப் பார்த்துப் பார்த்து எனக்கு அலுத்துவிட்டது.

லீவில் ஊருக்கு வந்து காய்ச்சல் அடித்தால், டாக்டர் முதலில் டெங்கி என்றுதான் நினைப்பார். நம் ஊரில் மனிதரிடமிருந்து மனிதருக்குப் பரவுகிற மலேரியா 2018 முதல் இல்லை, இளம் டாக்டர்கள் பலர் பார்த்ததே கிடையாது. உள்ளே நுழைந்ததும் முதல் வார்த்தையாக "பாப்புவாவிலிருந்து வருகிறேன், மலேரியாவுக்கு இரத்தம் பாருங்கள்" என்று சொல்லுங்கள்.

செந்தூல் ஸ்டோர்காரன்

தாதி சொன்னது அத்தனையும் உண்மை. நான் இரண்டு தடவை மலேரியாவில் படுத்தவன். இரண்டாவது தடவை செந்தூல் வீட்டில். மூன்று நாள் டெங்கிக்குப் பப்பாளி இலைச் சாறு கொடுத்துக் கொன்றார்கள்.

தினப்படி வாழ்க்கைக்கு வருகிறேன். லேக்கும் போர்ட் மோர்ஸ்பிக்கும் நடுவே ரோடே கிடையாது, விமானம்தான். சிங்கப்பூரிலிருந்து இரவு விமானம் ஏறினால் விடியலில் போர்ட் மோர்ஸ்பி, அங்கிருந்து உள்நாட்டு விமானத்தில் லே. லேயின் விமான நிலையம் நாட்ஸாப், ஊரிலிருந்து நாற்பது கிலோமீட்டர் தள்ளி. அந்த ரோட்டில் வழிமறிப்பு உண்டு. ஆகவே பகலில் இறங்குகிற விமானமாகப் பார்த்துப் போடச் சொல்லுங்கள், கம்பெனி வண்டி வந்து நிற்கிறது என்று உறுதியான பிறகு வெளியே வாருங்கள். ஓட்டுநர் பேர், வண்டி எண் முந்தின நாளே உங்கள் ஃபோனில் இருக்க வேண்டும். பி.எம்.வி. என்கிற பொது பஸ்ஸில் ஏற வேண்டாம்.

இரண்டு வாரத்துக்கு ஒரு தடவை வெள்ளிக்கிழமை அரசாங்கச் சம்பள நாள். அதை நாள்காட்டியில் சிவப்பில் வட்டம் போடுங்கள். எங்கள் ஊரில் அமாவாசை பார்ப்பது மாதிரி அங்கே நான் சம்பள வெள்ளி பார்த்தேன். அன்று மாலை நாலு மணிக்கு மேல் வெளியே போனதில்லை. பியர், சண்டை, வழிப்பறி எல்லாம் அன்றைக்குத்தான் கூடும். வங்கிக்குப் பணம் கொண்டுபோகிற வேலையை உங்கள் தலையில் கட்டப் பார்ப்பார்கள், ஒத்துக்கொள்ளாதீர்கள். கிடங்குக்காரன் கிடங்கைப் பார்க்கட்டும். அதற்கென்று காவல் கம்பெனிகள் இருக்கின்றன.

மலைப்பக்கம் சரக்கு லோரியோடு போகச் சொன்னாலும் மறுத்துவிடுங்கள். ஹைலண்ட்ஸ் நெடுஞ்சாலை லேயிலிருந்துதான் கிளம்புகிறது. எங்கா, ஹேலா, தெற்கு ஹைலண்ட்ஸ் மாநிலங்களில் இனக்குழுச் சண்டை துப்பாக்கியோடு நடப்பது. 2024 பிப்ரவரியில் எங்காவில் ஒரே சண்டையில் டஜன் கணக்கில் செத்தார்கள். அதில் உங்களுக்கு என்ன வேலை?

ஆட்களைப் பற்றியும் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் பாவம். எனக்கு அந்த மக்களைப் பிடிக்கும். "வன்டோக்" என்று ஒரு வார்த்தை உண்டு, ஒரே மொழிக்காரன் என்று அர்த்தம். எண்ணூறு மொழிக்கு மேல் இருக்கிற நாட்டில் ஒரே மொழிக்காரன் என்றால் அவனுக்காக உயிரைக் கொடுப்பான். போன முதல் மாதமே அங்கே பொது மொழியான டோக் பிசின் கற்றுக்கொள்ளுங்கள், கஷ்டமில்லை. ஏதாவது கெட்டுப்போனால் "பகரப்", பரவாயில்லை என்றால் "மஸ்கி". காலையில் வாட்ச்மேனிடம் அவர் மொழியில் நாலு வார்த்தை பேசிப் பாருங்கள். ஜனவரி 10 அன்று எங்களைப் பின்சுவர் ஏறச் சொல்லி, ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றவர் அந்த வாட்ச்மேன்தான். அவர் வீட்டுப் பக்கத்து ஆட்களே அந்தக் கூட்டத்தில் இருந்தார்கள்.

வெற்றிலை பாக்கு போடுவார்கள் என்பது உங்களுக்கு ஆச்சரியமாக இருக்கும். புவாய் என்பது நம் பாக்குதான், ஆனால் பச்சைக் காய். இலைக்குப் பதில் அந்தக் கொடியின் நீண்ட காய், கூடவே சுண்ணாம்பு. என் பாட்டி இடுப்பில் செருகியிருந்த சுருக்குப் பை நினைவுக்கு வந்தது. கண்ட இடத்தில் துப்புவதிலும் நம் ஆட்கள்தான்.

லேயில் ஒரு போர்க் கல்லறை இருக்கிறது, தோட்டத்தோடு சுத்தமாக வைத்திருப்பார்கள். பகலில் ஒரு ஞாயிறு கம்பெனி வண்டியில் போய் வாருங்கள். மலாயாவில் ஜப்பான்காரனிடம் பிடிபட்டு அங்கே கொண்டுபோகப்பட்ட இந்தியச் சிப்பாய்களின் கல்லெல்லாம் இருக்கிறது. நம் ஆட்கள் செத்த சயாம் ரயில் பாதைக் கதையை எல்லாரும் சொல்கிறார்கள், இதைச் சொல்ல ஆள் இல்லை. சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

சம்பளம் எந்தப் பணத்தில் என்று கேட்டீர்களா? 7,500 வெள்ளி என்று ஏஜண்ட் சொல்வார், ஒப்பந்தத்தில் அந்த நாட்டுப் பணமான கீனாவில் இருக்கும். அங்கே வெளிநாட்டுப் பணத்துக்குப் பல வருடமாகத் தட்டுப்பாடு. கீனாவை வெள்ளியாக்கி ஊருக்கு அனுப்ப வங்கியில் வாரக்கணக்கில் காத்திருந்திருக்கிறேன். சம்பளத்தில் பெரும்பகுதியை மலேசியாவில் உங்கள் கணக்கிலேயே போடுகிற மாதிரி எழுதி வாங்குங்கள்.

காப்பீட்டுத் தம்பி

நான் காப்பீடு விற்றுப் பிழைக்கிறவன், அதனால் விற்பவன் பேச்சு என்று நினைத்தாலும் பரவாயில்லை. சாதாரணப் பயணக் காப்பீடு இதற்கு உதவாது. வருடாந்திரப் பாலிசியிலும் ஒரு பயணத்துக்கு இத்தனை நாள் என்று வரம்பு இருக்கும், வேலைக்குப் போகிறவருக்குப் பல பாலிசி செல்லாது, கலவரம் என்ற சொல் விலக்குப் பட்டியலில் இருக்கிறதா என்று தேடிப் பார்க்க வேண்டும். கம்பெனியிடம் கேட்க வேண்டியது ஒன்றுதான்: பெரிதாக ஏதாவது ஆனால் விமானத்தில் ஆஸ்திரேலியாவுக்குக் கொண்டுபோகிற மருத்துவ வெளியேற்றக் காப்பீடு என் பேரில் இருக்கிறதா? "எங்கள் கம்பெனி பார்த்துக்கொள்ளும்" என்பது பதில் இல்லை. பாலிசி எண்ணும் இருபத்து நாலு மணி நேர எண்ணும் வேண்டும்.

செந்தூல் ஸ்டோர்காரன்

இவர் சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். பெரிய காயம், மாரடைப்பு என்றால் கெய்ன்ஸ், டவுன்ஸ்வில், பிரிஸ்பேன் பக்கம்தான் கொண்டுபோவார்கள். நோயாளிக்கு மருத்துவ விசா தனி, அதைக் காப்பீட்டுக்காரர்கள் எடுத்துவிடுவார்கள். ஆனால் மனைவி பக்கத்தில் வந்து நிற்க வேண்டுமே? நம் பாஸ்போர்ட்டுக்கு ஆஸ்திரேலிய ஈ.டி.ஏ. (மின்னணுப் பயண அனுமதி) கிடைக்கும். ஃபோன் செயலியிலேயே எடுக்கலாம், கட்டணம் 20 ஆஸ்திரேலிய டாலர், ஒரு வருடம் செல்லும். நீங்கள் ஒன்று, மனைவி ஒன்று என்று எடுத்து வைத்துவிடுங்கள். போர்ட் மோர்ஸ்பியில் கலவரம் என்றால் கெய்ன்ஸ் வழியாக வெளியேறவும் உதவும். எனக்கு அன்று அது இல்லை.

பிறைக்காரன்

பத்து வாரம் கழித்து எழுதுகிறேன், மன்னிக்கவும்.

வேறு ஆள் பார்ப்போம் என்றவர்கள் மூன்று வாரம் கழித்து அவர்களாகவே அழைத்தார்கள். பெர்மிட்டுக்கு விண்ணப்பித்தார்கள். நன்னடத்தைச் சான்றிதழ் நான் இ-கொன்சுலாரில் போட்டேன், 20 வெள்ளி. மருத்துவப் பரிசோதனை, எக்ஸ்ரே முடிந்தது. போன செவ்வாய் வேலை பெர்மிட் நகல் வந்தது. பதவி: கிடங்கு மேற்பார்வையாளர், லே. எழுத்துக்கு எழுத்து பார்த்தேன் அண்ணே. விசாவுக்குக் கோலாலம்பூரில் இருக்கிற அவர்கள் தூதரகத்தோடு கம்பெனி பேசிக்கொண்டிருக்கிறது.

பாஸ்போர்ட் என்னிடம்தான் இருக்கும் என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி சேர்க்கச் சொன்னேன். மின்னஞ்சலில் "சரி" என்று ஒரே வார்த்தை பதில். ஒப்பந்தத்தில் சேர்க்கவில்லை. இது போதுமா? சம்பளம் பாதி இங்கே, பாதி கீனாவில் என்று ஒத்துக்கொண்டார்கள்.

ஜி-6-பி-டி குறைபாடு இல்லை. அம்மா அந்தப் பழைய கார்டை எவர்சில்வர் டப்பாவில் என் தொப்புள்கொடியோடு வைத்திருந்தார். ஏன் கேட்கிறாய் என்றார், அப்போது எல்லாம் சொல்ல வேண்டியதாகிவிட்டது. அழவில்லை. "அங்கே மாரியம்மன் கோயில் இருக்கா?" என்று மட்டும் கேட்டார்.

மனைவி இந்தத் திரி முழுக்கப் படித்துவிட்டாள். ஈ.டி.ஏ.வை அவள்தான் இரண்டு பேருக்கும் எடுத்தாள். சம்பள வெள்ளிக்கிழமைகளை இப்போதே சமையலறை நாள்காட்டியில் வட்டம் போட்டிருக்கிறாள். அன்று இரவு அங்கே எட்டு மணி, இங்கே ஆறு மணிக்கு நான் அழைக்க வேண்டுமாம். ஆறேகாலுக்கு வரவில்லையென்றால் தூதரகத்தை அழைப்பாளாம்.

கடைசியாக ஒரு சின்னக் கேள்வி அண்ணே. நல்லெண்ணெயும் மசாலாத் தூளும் அங்கே கிடைக்குமா, எடுத்துப் போகலாமா?

செந்தூல் ஸ்டோர்காரன்

மின்னஞ்சல் "சரி" போதாது. ஆனால் ஒன்றுமில்லாததற்கு அது மேல். அச்செடுத்து வைத்துக்கொள்ளுங்கள். போன அன்றே கேட்டால், சிரித்துக்கொண்டே "பெர்மிட் பதிவுக்கு வேண்டுமானால் நானே கூட வருகிறேன்" என்று சொல்லிவிட்டு உள்பையில் போட்டுக்கொள்ளுங்கள். முதல் நாள் கொடுத்துவிட்டால் அப்புறம் கேட்க வாய் வராது.

அம்மாவிடம் கோயில் இல்லை என்று சொல்லாதீர்கள், ஞாயிற்றுக்கிழமை நம் ஆட்கள் யாராவது வீட்டில் படம் வைத்துக் கும்பிடுவார்கள் என்று சொல்லுங்கள். அது உண்மைதான்.

சீனர் கடையில் கிடைக்கிற எள் எண்ணெய் வறுத்த எள்ளில் எடுத்தது. கறுப்பாக இருக்கும், சமையலுக்கு ஓரளவு, தலைக்கு ஆகாது. நல்லெண்ணெய் இரண்டு போத்தல் பெட்டியில் போடுங்கள், மூடியை டேப் ஒட்டி, பிளாஸ்டிக் பையில் சுற்றி. என்னுடையது ஒரு தடவை கசிந்து ஆறு சட்டை போயிற்று. மசாலா கடையில் வாங்கின, சீல் உடைக்காத பாக்கெட்டாக எடுங்கள். வீட்டில் அரைத்த தூள் என்றால் அதிகாரி பிரித்து முகர்ந்து பார்ப்பார். எதுவானாலும் வருகைப் படிவத்தில் உணவுப்பொருள் இருக்கிறது என்று ஒளிக்காமல் எழுதுங்கள். பச்சைக் கறிவேப்பிலை வேண்டவே வேண்டாம், பிடுங்கிக் குப்பையில் போடுவார்கள். எனக்கு அது பாஸ்போர்ட் எரிந்ததைவிடக் கொஞ்சம்தான் கம்மியாக வலித்தது.